தகரக் கூரையில் விழுந்த பற்கள்

திருப்பூருக்குக் கிழக்கே, பனியன் கம்பெனிகளும் அவற்றுக்குப் பின்னால் வரிசை வரிசையாக ஒற்றை அறை வீடுகளும் முளைத்துவிட்ட செங்காட்டுப்புதூரில், பள்ளிக்கூடத்துத் தகரக் கூரை இங்கிலீஷ் பேச ஆரம்பித்த வருடம் மழையும் பெய்தது, நூல் விலையும் ஏறியது, மாரியம்மன் நோம்பியும் வழக்கம்போல ஒரு சண்டையோடு நடந்து முடிந்தது, ஆகவே அதை ஒரு விசேஷமான வருடமென்று ஊரில் யாரும் சொல்வதில்லை. விசேஷமெல்லாம் நாகமணி டீச்சரின் வயிற்றுக்குள்தான் நடந்தது. ஆடி மாதம் அங்கே பற்றிய எரிச்சல் மோர் குடித்தும் அடங்கவில்லை, வெந்தயம் விழுங்கியும் அடங்கவில்லை, டாக்டர் கொடுத்த வெள்ளை மருந்தைப் பாட்டில் பாட்டிலாகக் குடித்தும் அடங்கவில்லை, அது எதனால் வந்த எரிச்சல் என்று அவளுக்கும் தெரியும், கூட வேலை பார்த்தவர்களுக்கும் தெரியும்.

அந்தப் பள்ளியில் இரண்டாம் வகுப்புக்கு இரண்டு பிரிவுகள். ஏ பிரிவு காங்கிரீட் கட்டடத்தில் நாகமணி டீச்சரிடம் இருந்தது. பி பிரிவு, அந்தக் கட்டடத்தின் பக்கச் சுவரை ஒட்டி இறக்கிய தகரக் கொட்டகையில், வால்பாறை எஸ்டேட்டிலிருந்து தற்காலிக ஆசிரியையாக வந்த ரோஸ்லினிடம் இருந்தது. இரண்டிலும் ஒரே மாதிரிப் பிள்ளைகள்தாம். ஒடிசாவிலிருந்து வந்து கம்பெனியில் பனியன் செக்கிங் பார்க்கும் அம்மாக்களின் பிள்ளைகள், பீகாரிலிருந்து வந்து சாயப்பட்டறையில் நிற்கும் அப்பாக்களின் பிள்ளைகள், அசாம், நேபாளம், வீட்டில் தெலுங்கும் கன்னடமும் பேசும் உள்ளூர்ப் பிள்ளைகள், தமிழ் மட்டுமே தெரிந்த தோட்டங்காட்டுப் பிள்ளைகள் என்று ஒரு பெஞ்சில் உட்கார்ந்திருப்பவனுக்குப் பக்கத்தில் இருப்பவன் பேசுவது புரியாது. இவர்கள் எல்லோருக்கும் சேர்த்து இங்கிலீஷ் சொல்லிக்கொடுக்க வேண்டும் என்பது சர்க்கார் உத்தரவு.

நாகமணி டீச்சருக்கு அது கைவந்த வேலை. கால் நூற்றாண்டாக அவள் ஒரே முறையைத்தான் வைத்திருந்தாள். உள்ளே வந்ததும் வாயில் விரல். அவள் ஒரு வாக்கியம் சொல்லுவாள், வகுப்பே திருப்பிச் சொல்லும், மறுபடியும் வாயில் விரல். ஒடியாவில் யாராவது முணுமுணுத்தால் 'கீப் கொயட்', போஜ்புரியில் சிரித்தால் 'கீப் கொயட்', தமிழில் பென்சில் கேட்டாலும் அதேதான். அவள் வகுப்பு பாடும்போது ரோட்டில் போகிறவன் சைக்கிளை நிறுத்திவிட்டுக் கேட்பான். வருகிற அதிகாரிகள் எல்லோரும் அவளை இன்னொரு பள்ளிக்கு உதாரணம் சொல்லியிருக்கிறார்கள். அப்படிப்பட்டவளின் சுவருக்கு அந்தப் பக்கத்தில்தான் அது நடந்தது.

ரௌஷன் என்ற பீகார்ப் பையனுக்கு முன்பல் விழுந்தது. இரண்டாம் வகுப்பு என்றால் மாதத்துக்கு நாலு பேருக்குப் பல் விழும், அது ஒரு சங்கதியே இல்லை. ரோஸ்லின்தான் அதைச் சங்கதியாக்கினாள்.

“உங்க ஊர்ல விழுந்த பல்ல என்ன பண்ணுவீங்க?” என்று அவள் கேட்டாள்.

“எலி வீட்ல போடும் மிஸ்” என்றான் ரௌஷன்.

“எங்கூட்ல சாணியில வெச்சு உருட்டிக் கூரை மேல வீசுவோம் மிஸ்” என்றான் யுகன் என்ற தோட்டத்துப் பையன்.

கொட்டகையில் எலி வளையும் இல்லை, சாணியும் இல்லை. கம்பெனி வேஸ்ட் துணிதான் ஊரெங்கும் கிடந்தது. அதில் ஒரு துண்டை எடுத்துப் பல்லைச் சுற்றினார்கள். அனுப்புவதற்கு முன்னால் ரோஸ்லின், “இத்தன நாள் உங்கூடவே சாப்புட்ட பல்லுடா, சும்மா அனுப்பக் கூடாது, உனக்கு என்ன தோணுதோ அத இங்கிலீஷ்ல அதுகிட்டச் சொல்லி அனுப்பு” என்றாள். பையன் பல்லைக் கையில் வைத்துக்கொண்டு வெகு நேரம் யோசித்தான். முந்தின நாள் சத்துணவு முட்டையைக் காக்கா கொத்திக்கொண்டு போனது அவனுக்கு இன்னும் ஆறவில்லை. “க்ரோ ஈட் மை எக்” என்று பல்லிடம் குனிந்து சொல்லி, தகரத்தின் மேல் வீசினான்.

மறுநாள் உச்சிவெயிலில் தகரம் சூடேறி டப் டப்பென்று விரியும் நேரத்தில், கூரை அதே குரலில், முன்பல் இல்லாத இடைவெளியில் காற்று போகிற அதே சீழ்க்கையோடு, “க்ரோ ஈட் மை எக்” என்றது. சோற்றுத் தட்டோடு வரிசையில் நின்ற பிள்ளைகள் அண்ணாந்து பார்த்தார்கள். சத்துணவு சமைக்கும் மாரக்கா கரண்டியை நிறுத்தாமல், “காக்காயத் தொரத்தறதுக்கு ஒரு ஆளு போடோணும்னு நானும் சொல்லிட்டேதான் இருக்கறேன்” என்றாள். அதோடு அன்றைக்குப் பேச்சு முடிந்தது.

அப்புறம் பல் விழ விழக் கூரை பேச்சைக் கூட்டிக்கொண்டே போனது. மை மம்மி ஸ்லீப் இன் பஸ் என்றது ஒரு பல். நைட் ஷிப்ட் பேட் என்றது ஒன்று. ஐ லைக் யுகன்'ஸ் கோட் என்றது ஒன்று, யுகன் அதைக் கேட்டுவிட்டு ஆட்டுக்குட்டியை ஒரு நாள் பள்ளிக்கே பிடித்து வந்தான். மேகம் மூடினால் கூரை மௌனமாகிவிடும், வெயில் அடித்தால் திறந்துகொள்ளும். ஊர் இதற்குத் தன்னைச் சரிசெய்துகொள்ள அதிக நாள் எடுக்கவில்லை. பக்கத்துக் கம்பெனியில் சாப்பாட்டு நேரத்தைக் கொஞ்சம் முன்னால் தள்ளினார்கள், பெண்கள் டிபன் பாக்ஸோடு வந்து கொட்டகை நிழலில் உட்கார்ந்து அண்ணாந்தபடி சாப்பிட்டார்கள், காரப்பொரி விற்கிறவன் தள்ளுவண்டியைப் பள்ளி வாசலுக்கே கொண்டுவந்துவிட்டான், கவுன்சிலர் தன் பெயர் பெரிதாக எழுதிய ஒரு பந்தலைப் போட்டுக் கொடுத்தார். வேனில் ஏறி டவுன் பள்ளிக்குப் போகிற பிள்ளைகள்கூட ஆடாத பல்லை நாக்கால் ஆட்டிப் பார்த்தார்கள். ரௌஷனின் குடும்பம் திடீரென்று ஊருக்குத் திரும்பிப் போனபோது அவன் பல் மட்டும் இங்கேயே இருந்தது. பக்கத்து வீட்டுக்காரி வெயில் நாட்களில் பீகாருக்குப் போன் போட்டு, கூரையைப் பார்த்துத் தூக்கிப் பிடிப்பாள், அந்தப் பக்கம் அவன் அம்மா முட்டைக் கதையைக் கேட்டுச் சிரிப்பாள். இங்கிலீஷ் தெரியாத அம்மாக்கள்தான் அதிகம். ஆனால் ஆயிரம் குரலுக்கு நடுவிலும் தன் பிள்ளை குரல் எது என்று எந்த அம்மாவுக்கும் ஒருவர் சொல்ல வேண்டியதில்லை.

நாகமணி டீச்சர் ஜன்னலைச் சாத்திவிட்டுப் பாடம் நடத்தினாள். சாத்தினாலும் கேட்டது. வகுப்பு கோரஸாகப் படிக்கும்போது நடுவில் கூரை ஏதாவது சொல்லிவிடும், வாயில் விரலை வைத்த பிள்ளைகள் விரலுக்குப் பின்னால் சிரிக்கும்.

“அதென்ன இங்கிலீஷுங்க அது? ஈட்டாம், ஸ்லீப்பாம். ஒரு வாக்கியம் உருப்படியா இருக்குதா?” என்று அவள் மாரக்காவிடம் கேட்டாள்.

“எனக்கென்னங் டீச்சர் தெரியும். ஆனா கேக்கறதுக்கு நல்லாத்தான் இருக்குதுங்” என்றாள் மாரக்கா.

அந்த 'நல்லாத்தான்' டீச்சரின் வயிற்றில் மிளகாயாக விழுந்தது. ரோஸ்லின் கட்டும் பருத்திச் சேலை அவளுக்குப் பிடிக்கவில்லை. ரோஸ்லின் தலையில் பூ வைக்காமல் வருவது பிடிக்கவில்லை. ரோஸ்லின் பிள்ளைகளிடம் சிரிப்பது பிடிக்கவில்லை, தன்னைப் பார்த்து எழுந்து நிற்பது அதைவிடப் பிடிக்கவில்லை. எதையாவது திமிராகச் செய்து தொலைத்தாலாவது மனம் விட்டுத் திட்டலாம், அதற்கும் அந்தப் பெண் வழி வைக்கவில்லை. டீச்சர் பொறாமைப்பட்டாள். அதை அவளே தனக்குள் அந்த வார்த்தையால் சொல்லிக்கொண்டாள், சொல்லிக்கொண்டதால் எரிச்சல் கொஞ்சமும் குறையவில்லை.

பிறகு அவளும் பல் சேர்க்க இறங்கினாள். இறங்கினால் முறையாகத்தான் இறங்குவாள். ஏ பிரிவில் பல் விழுந்த பிள்ளை முன்னால் வந்து நிற்க வேண்டும், வெள்ளைத் துணியில் பல்லைச் சுற்ற வேண்டும், டீச்சர் எழுதிக் கொடுத்த 'குட் பை மை டியர் டூத், தேங்க் யூ பார் யுவர் சர்வீஸ்' என்பதைப் பிசகில்லாமல் சொல்ல வேண்டும், தப்பினால் மறுபடியும் முதலிலிருந்து சொல்ல வேண்டும். பிறகு வகுப்பே வரிசையில் வெளியே போய், வாயில் விரலோடு நிற்க, பல் மொட்டை மாடிக்குப் பறக்கும். காங்கிரீட் தகரத்தைவிட அதிகமாகச் சூடேறும் என்று அவள் கணக்குப் போட்டிருந்தாள். மாடி சூடேறியது. காக்கா வந்து உட்கார முடியாமல் எழுந்து போகிற அளவுக்குச் சூடேறியது. ஆனால் வாய் திறக்கவில்லை.

ஐப்பசி போய்க் கார்த்திகை வந்தது. மாடியில் பல் குவிந்துகொண்டே இருந்தது, சத்தம் மட்டும் இல்லை. ஒரு நாள் ஸ்டாப் ரூமில் ரோஸ்லின் மெதுவாக, “அக்கா, அவங்களையே ஏதாச்சும் சொல்ல விட்டுப் பாருங்களேன்” என்றாள். நல்ல மனதோடு சொன்னாள் என்பது டீச்சருக்குத் தெரிந்தது, அதனால்தான் தாங்க முடியவில்லை.

“நீ பொறக்கறதுக்கு முன்னாடியிருந்து சாக்பீஸ் புடிச்சுட்டிருக்கறேன் அம்மிணி” என்று சொல்லிவிட்டு டிபன் பாக்ஸை மூடினாள்.

அந்த வாரமே லிப்சாவின் அம்மா வந்தாள். லிப்சா ஏ பிரிவின் முதல் பெஞ்சுப் பெண், ஒடியாக்காரி, 'ச' வருகிற இடத்திலெல்லாம் நாக்கு கொஞ்சம் வெளியே எட்டிப் பார்க்கும், சொன்ன இடத்தில் சொன்னபடி உட்கார்ந்திருக்கும், டீச்சருக்கு அதன் மேல் சொல்லிக்கொள்ளாத பிரியம். அம்மாக்காரி கம்பெனி அடையாள அட்டையைக் கழுத்தில் போட்டபடியே வாசலில் நின்று, “டீச்சர் நல்லா டீச்சர். ஆனா லிப்சா பி-க்குப் போகணும். லிப்சா பல்லு பேசலே” என்றாள். சொல்லிவிட்டுக் கும்பிட்டாள். அவளுக்குப் பின்னால் இன்னும் சில அம்மாக்கள் நின்றிருந்தார்கள், அவர்களும் கும்பிட்டார்கள்.

தலைமை ஆசிரியர் பொன்னுச்சாமி டீச்சரைத் தனியாகக் கூப்பிட்டார். “திங்கக்கெழம பி.இ.ஓ. வர்றாருங் டீச்சர், கூரையக் கேக்கறதுக்குன்னே வர்றாரு. பேரண்ட்ஸ் எல்லாரும் ஒரே புடியா நிக்கறாங்க. ஏ செக்ஷனையும் ரோஸ்லின்கிட்டச் சேத்து உட்டரலாமான்னு ஒரு பேச்சு இருக்குது. உங்களுக்கு வேணும்னா ஆறாவது ஏழாவதுக்கு சமூக அறிவியல் தந்தர்றேன். உங்க மாடியும் ஒரு வார்த்த பேசியிருந்துச்சுன்னா நான் எதாச்சும் சொல்லியிருப்பேன்” என்றார். வட்டாரக் கல்வி அலுவலரை எல்லோரும் பி.இ.ஓ. என்றுதான் சொல்வார்கள், அவர் சொன்னால் சொன்னதுதான். ஒரு வாக்கியம் போதும் என்று டீச்சருக்குத் தோன்றியது. ஊர் கேட்க ஒரே ஒரு வாக்கியம் மாடியிலிருந்து வந்தால் அவள் வகுப்பு அவளிடமே இருக்கும்.

ஞாயிற்றுக்கிழமை உச்சிவெயிலில், பள்ளியில் யாரும் இல்லாத நேரம், அவள் சாவி போட்டுக் கேட்டைத் திறந்து உள்ளே வந்தாள். கையில் ஒட்டடைக் கோல் இருந்தது. மாடிக்குப் போகும் இரும்பு ஏணியில் சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு ஏறினாள். ஏறியதன் நோக்கத்தை மறைத்துப் பேச வேண்டியதில்லை, திருடத்தான் ஏறினாள். மாடி விளிம்பிலிருந்து கீழே தகரக் கூரை கைக்கெட்டும் தூரத்தில்தான் சரிந்து கிடந்தது. கோலை நீட்டி அந்தப் பற்களில் ஒரு பிடியைக் கூட்டி இழுத்து மாடியில் போட்டுவிட்டால், பேசுகிற பல் எங்கே கிடந்தாலும் பேசும், திங்கட்கிழமைக்கு அது போதும். தகரம் அவளுக்குக் கீழே ஓயாமல் வாயாடிக்கொண்டிருந்தது. முட்டை, பஸ், நைட் ஷிப்ட், ஆட்டுக்குட்டி.

விளிம்பில் மண்டியிட்டுக் கோலை நீட்டும்போதுதான் தனக்குப் பின்னால் அந்தச் சத்தத்தைக் கேட்டாள். தண்ணீர்த் தொட்டி கசிகிறது என்றுதான் முதலில் நினைத்தாள். உஸ்ஸென்று இழுத்து, நின்று, மறுபடியும் உஸ்ஸென்றது. தொட்டி காய்ந்து கிடந்தது. அவள் கோலை வைத்துவிட்டுச் சுடுகிற தரையில் கையூன்றிக் குனிந்து, பற்களுக்குப் பக்கத்தில் காதைக் கொண்டுபோனாள்.

கீப் கொயட், என்றது ஒரு பல் இன்னொரு பல்லிடம். அந்த இன்னொரு பல் அதற்கடுத்த பல்லிடம் கீப் கொயட் என்றது. மாடி முழுக்க, மூலைக்கு மூலை, உஸ் உஸ்ஸென்று ஒன்றையொன்று அடக்கிக்கொண்டு, குரலை நூலாக இழுத்து, எல்லாம் டீச்சரின் குரலிலேயே சொல்லிக்கொண்டிருந்தன. மாடி ஊமையாக இல்லை. முதல் பல் வந்து விழுந்த நாளிலிருந்து இன்று வரை அது சொன்ன பேச்சைக் கேட்டுக்கொண்டிருந்தது.

“பேசுங்க” என்றாள் டீச்சர். பற்கள் உடனே அமைதியாகிவிட்டன.

“பேசுங்க கண்ணுகளா. ஒண்ணும் திட்ட மாட்டேன்” என்றாள். 'ஸ்பீக்' என்று இங்கிலீஷிலும் சொல்லிப் பார்த்தாள். அவை நம்பவில்லை. அவள் அந்த வெயிலில் காலை மடக்கி நடுமாடியில் உட்கார்ந்துவிட்டாள். சூடு சேலையைத் தாண்டி ஏறியது, முகமும் கையும் காந்தின, அவள் எழுந்திருக்கவில்லை. கீழே தகரம் சிரித்துப் பேசிக்கொண்டிருக்க மேலே அவளும் பற்களும் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். அவளுக்கு அழுகை வந்தது, அழுதாள்.

அப்போது, அவள் காலடியிலிருந்து, நாக்கு எட்டிப் பார்க்கிற ஒரு சின்னக் குரல், “மே ஐ கோ அவுட் டீச்சர்?” என்றது.

லிப்சா. டீச்சருக்கு அந்தக் குரலை யாரும் சொல்ல வேண்டியதில்லை. இன்னொன்று, “மே ஐ கோ அவுட் டீச்சர்?” என்றது, அது அசாம்காரப் பையன். பிறகு தோட்டத்துப் பிள்ளைகள், நேபாளத்துப் பெண், தெலுங்குக்காரர் வீட்டு இரட்டையர். அவள் கோரஸாகச் சொல்லிக்கொடுக்காத ஒரே இங்கிலீஷ் வாக்கியம் அதுதான். அவசரம் வந்து, வயிற்றைப் பிடித்துக்கொண்டு, பயந்து பயந்து ஒவ்வொரு பிள்ளையும் தானாகக் கற்றுக்கொண்டது. இப்போது மாடி முழுக்க அதைக் கேட்டது. கோரஸாக இல்லை. ஒவ்வொன்றும் தனித்தனியாக, தன் குரலில், தன் ஊர் இழுப்போடு கேட்டது.

எங்கே போகக் கேட்கின்றன என்று அவளுக்குத் தெரியும். மாடித் தண்ணீர் வடிவதற்கு விளிம்பில் ஒரு குழாய் உண்டு, அதன் வாய் நேராகத் தகரக் கூரையின் மேல்தான் திறந்திருந்தது. அவள் ஊர் கேட்க விரும்பிய வாக்கியம் இதோ வந்துவிட்டது. 'உக்காரு' என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும், நாளைக்கும் இதே வெயிலில் இவை இதே வாக்கியத்தைக் கேட்டுக்கொண்டிருக்கும், பி.இ.ஓ. கேட்பார், ஊர் கேட்கும், மாடி பேசுகிறது என்று எழுதிக்கொள்வார்கள். அந்த வார்த்தை அவள் தொண்டை வரை வந்தது. கால் நூற்றாண்டாக அந்த இடத்தில் அதைத்தான் சொல்லியிருக்கிறாள்.

லிப்சாவின் பல் மறுபடியும் கேட்டது. இந்த முறை குரலில் அவசரம் இருந்தது.

“யெஸ்” என்றாள் நாகமணி டீச்சர். “கோ.”

அவை எழுந்து ஓடுவதுபோல உருண்டன. ஒன்றையொன்று தள்ளிக்கொண்டு, வரிசை இல்லாமல், குழாய்க்குள் விழுந்து அந்தப் பக்கம் தகரத்தில் சடசடவென்று கொட்டின. வெள்ளைத் துணித் துண்டுகள் மட்டும் மாடியில் கிடந்தன. ஒரு பல்கூடத் திரும்பிப் பார்க்கவில்லை. போனது போகட்டும் என்று அவளால் நினைக்க முடியவில்லை. கோலை எடுத்துக்கொண்டு ஏணியில் இறங்கும்போது அவள் வயிறு முன்னைவிட அதிகமாக எரிந்தது.

திங்கட்கிழமை பந்தலுக்குக் கீழே ஊரே இருந்தது. பி.இ.ஓ. நாற்காலியில் உட்கார்ந்து இளநீர் குடித்தார், வெயில் ஏறியது, தகரம் டப்பென்று விரிந்தது. அன்றைக்கு அது பேசிய பேச்சு அதற்கு முன்பு யாரும் கேட்டதில்லை. பழைய குரல்களுக்கு மேலே புதிய குரல்கள், மாதக்கணக்கில் அடக்கி வைத்ததை ஒரே மூச்சில் கொட்டுகிறவர்களின் வேகத்தில் வந்தன. லிப்சாவின் அம்மா டிபன் பாக்ஸைத் தரையில் வைத்துவிட்டு இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டாள். எல்லோரும் ரோஸ்லினைப் பார்த்துக் கை தட்டினார்கள். நாகமணி டீச்சர் கூட்டத்தின் பின்னால், தூணில் சாய்ந்து, யார் யார் எவ்வளவு பலமாகத் தட்டுகிறார்கள் என்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

அப்போது நாக்கு எட்டிப் பார்க்கிற குரல், “டீச்சர் கேம் அப்ஸ்டேர்ஸ்” என்றது. இன்னொரு குரல், “டீச்சர் சிட் இன் ஹாட் சன்” என்றது. “டீச்சர் க்ரை” என்றது ஒன்று. “டீச்சர் செட் யெஸ்” என்றது ஒன்று, அதைக் கேட்டதும் மற்ற குரல்களும் பிடித்துக்கொண்டு, டீச்சர் செட் யெஸ், டீச்சர் செட் யெஸ் என்று தகரம் முழுக்கச் சொல்லின.

பி.இ.ஓ. இளநீரைக் கீழே வைத்தார். “பிள்ளைங்களுக்காக வெயில்ல மாடியேறி உட்காந்தீங்களாம்மா?” என்று ரோஸ்லினைக் கேட்டார்.

“நான் இல்லைங்க சார். என்னைய அவங்க மிஸ்ஸுன்னுதான் கூப்புடுவாங்க” என்றாள் ரோஸ்லின்.

“அப்ப யாருங்க அந்த டீச்சர்?”

பெரியவர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். ஏ பிரிவுப் பிள்ளைகள் மட்டும், முதல் நாள் வெயிலில் கன்றிச் சிவந்திருந்த ஒரு முகத்தைத் திரும்பிப் பார்த்தார்கள். நாகமணி டீச்சர் தூணை விட்டு நகர்ந்தாள். வகுப்பில் பதில் தெரிந்த பிள்ளை தூக்குவதுபோல வலது கையை மெதுவாகத் தூக்கினாள். தூக்கியபடியே, ரோஸ்லின் பார்க்கிறாளா என்று ஓரக்கண்ணால் பார்த்துக்கொண்டாள்.